பாட்டுத்தாள் யாருக்காக: சாட்ஸ்வொர்த்தில் நடந்த ஒரு கண்ணதாசன் மாலை

பின்னணி

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகருக்குத் தெற்கே சாட்ஸ்வொர்த்தில், ஒரு கோயிலை ஒட்டிய கூடத்தில் ஞாயிறுதோறும் தமிழ் வகுப்பு நடக்கிறது. அந்த வகுப்பும் அதனோடு சேர்ந்த பாட்டுக் குழுவும் 2023ஆம் ஆண்டின் முதல் பாதியில் எடுத்துக்கொண்ட ஒரு முயற்சியையும், அதில் நேர்ந்த தவறையும், அதைச் சரிசெய்த விதத்தையும் இக்குறிப்பில் பதிவு செய்கிறேன். சம்பந்தப்பட்டவர்களின் பெயர்களையும் கோயிலின் பெயரையும் அவர்கள் விருப்பப்படி விட்டுவிட்டேன். வகுப்பை நடத்தியவனும் பாட்டுத்தாள்களைத் தட்டச்சு செய்தவனும் நானே ஆகையால், தவறில் பெரும்பங்கு என்னுடையது.

சென்னையிலிருந்து புறப்பட்ட ட்ரூரோ கப்பல் 1860 நவம்பர் 16 அன்று டர்பன் துறைமுகத்தை அடைந்தது முதல் 1911 வரை ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் கரும்புத் தோட்டங்களுக்கும் பிற வேலைகளுக்கும் ஒப்பந்தக் கூலிகளாக நேட்டாலுக்கு வந்தனர். அவர்களின் நான்காம், ஐந்தாம் தலைமுறையினரே எங்கள் வகுப்பில் இருப்பவர்கள். 1996ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டம் பேணி மதிக்கப்பட வேண்டிய மொழிகளின் வரிசையில் தமிழையும் பெயர் சொல்லிச் சேர்த்திருக்கிறது. ஆயினும் வீட்டில் பேசுவது ஆங்கிலமே. தமிழ் நின்றுபோகாமல் இருப்பது பூசையிலும், அடுப்படியிலும், பாட்டிலும்தான்.

இவற்றுள் பாட்டு தனிக்கதை. டர்பனின் கிரே தெருவைச் சுற்றியிருந்த திரையரங்குகளில் படம் பார்த்து, வீட்டில் ரெக்கார்டு வைத்துக் கேட்டு, கலியாண ஆர்க்கெஸ்ட்ராக்களில் பாடிப் பாடி, மொழி தெரியாமலேயே நூற்றுக்கணக்கான திரைப்பாடல்களை மனத்தில் வைத்திருப்பவர்கள் இங்கே ஏராளம். ஆனால் அவர்களிடம் ஒரு பாட்டைச் சொன்னால் “அது எம்.ஜி.ஆர். பாட்டு”, “அது சிவாஜி பாட்டு” என்பார்கள். பாடகரின் பெயர் சிலருக்குத் தெரியும். எழுதியவரின் பெயர் எங்கள் குழுவில் மூன்று பேருக்கு மேல் தெரியவில்லை. தமிழ்நாட்டிலும் பாட்டு நடிகரின் பெயரில்தான் வழங்குகிறது என்றாலும், அங்கே சொல் புரிவதால் சொல்லை எழுதியவரும் எப்படியோ நினைவில் நிற்கிறார். இங்கே அந்தப் பிடிமானம் இல்லை.

முயற்சியின் தொடக்கம்

பிப்ரவரி முதல் வாரத்தில் தைப்பூசக் காவடி முடிந்த பிறகு கூடிய கூட்டத்தில், ஒரு திரைப்பாடலாசிரியரின் வாழ்க்கையை அவருடைய பாடல்கள் வழியாகச் சொல்லும் மாலை ஒன்றை நடத்தலாம் என்று முடிவானது. கண்ணதாசனைத் தேர்ந்தெடுத்ததற்கு எளிய காரணம், குழுவினர் அறிந்த பாடல்களில் அதிகமானவை அவருடையவை என்பது. சுமார் ஐயாயிரம் திரைப்பாடல்கள் எழுதியவர் என்று சொல்லப்படுபவரைப் பற்றி அப்படி நேர்வதில் வியப்பில்லை. அவர் பிறந்த நாளான ஜூன் 24 அந்த ஆண்டு சனிக்கிழமையாக அமைந்ததும் வசதியாயிற்று.

குழுவினர் நினைவிலிருந்து சொல்லச் சொல்ல 12 பாடல்கள் கொண்ட பட்டியல் உருவானது. வீட்டுக்குப் போய் நான் சரிபார்த்தபோது அதில் மூன்று அவருடையவை அல்ல என்று தெரிந்தது. ‘நாடோடி மன்னன்’ படத்தில் உறங்கும் தம்பியை எழுப்பும் பாட்டு பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரத்தினுடையது. மணப்பாறை மாட்டைக் கட்டி ஏர் பூட்டச் சொல்லும் பாட்டு மருதகாசியினுடையது. ‘பணம் படைத்தவன்’ படத்தில் கண் போன போக்கில் கால் போகலாமா என்று கேட்கும் பாட்டு வாலியினுடையது. இந்த மூன்றாவதைக் கண்ணதாசன் எழுதியதாகவே எங்கள் குழுவில் எல்லோரும் நம்பியிருந்தனர். தமிழ்நாட்டிலும் அப்படி நினைப்பவர்கள் உண்டு.

முதல் இரண்டை நீக்கினோம். வாலியின் பாட்டை மட்டும் வைத்துக்கொண்டோம். அதற்குக் காரணம் உண்டு. வாய்ப்புக் கிடைக்காமல் சென்னையை விட்டே போய்விட நினைத்திருந்த வாலி, பாடகர் பி.பி. ஸ்ரீநிவாஸ் பாடிக்காட்டிய ஒரு புதுப்பாட்டைக் கேட்டு மனம் மாறித் தங்கிவிட்டதாக அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். அது ‘சுமைதாங்கி’ (1962) படத்துக்காகக் கண்ணதாசன் எழுதிய, கலங்கி நிற்கும் மனத்தைத் தேற்றும் பாட்டு. ஒரு பாடலாசிரியரின் வாழ்க்கையைச் சொல்லும் மாலையில், அவருடைய பாட்டால் திரைத்துறையில் தங்கிய இன்னொருவரின் பாட்டுக்கும் இடமுண்டு என்று வாதிட்டேன். குழு ஏற்றுக்கொண்டது.

பாட்டுத்தாளில் கண்டவை

குழுவினர் பயன்படுத்திவந்த தாள்கள், ஒரு பழைய ஆர்க்கெஸ்ட்ரா நோட்டுப் புத்தகத்திலிருந்து வந்தவை. எழுபதுகளில் யாரோ பாடக் கேட்டு உரோமன் எழுத்தில் எழுதியது, நகலுக்கு நகலாகி, பின்பு கணினியில் ஏறியிருந்தது. உரோமன் எழுத்தில் குறில் நெடில் வேறுபாடு பெரும்பாலும் காட்டப்படுவதில்லை என்பதும், ல, ள, ழ மூன்றும் ஒன்றாகிவிடும் என்பதும் எல்லோரும் அறிந்ததே. அதனால் என்ன நேர்கிறது என்பதை ஒரே பாட்டில் பார்க்க முடிந்தது.

‘பாதகாணிக்கை’ (1962) படத்தில் டி.எம். சௌந்தரராஜன் பாடிய ‘வீடு வரை உறவு’ இங்கே பதினாறாம் நாள் சடங்கு நடக்கும் வீடுகளில் அடிக்கடி பாடப்படும். எங்கள் தாளில் முதற்சொல்லின் முதல் எழுத்துக்கு ஒற்றை உயிரெழுத்தே போடப்பட்டிருந்ததால் இளையவர்கள் அதை ‘விடு’ என்றே பாடிவந்தனர். ‘காடு’ என்பது அதேபோல் ‘கடு’ ஆகியிருந்தது. நெடிலோடு பாடிய ஒருவரைக் கேட்டபோது, காடு என்றால் மரங்கள் அடர்ந்த இடம் என்று சொன்னார். பிணத்தோடு பிள்ளை ஏன் வனத்துக்குப் போகிறான் என்று அவருக்குத் தோன்றவில்லை. இரண்டு தலைமுறையாகத் தகனம் எரியூட்டுக் கூடத்தில் நடக்கும் ஊரில் ‘காடு’ என்ற சொல்லுக்குச் சுடுகாடு என்ற பொருள் தானாக வந்துவிடாது.

அதே தாளை வைத்து, இந்த வரிசை கண்ணதாசனுக்கு எங்கிருந்து கிடைத்தது என்பதையும் வகுப்பில் காட்டினேன். பொருள் வீட்டோடு, அழும் மனைவி வீதியோடு, தலையில் கைவைத்து அழும் மைந்தர் சுடுகாட்டோடு நின்றுவிட, கூட வருவது இருவினையே என்று பட்டினத்தார் பாடியிருக்கிறார். பட்டினத்தார் வினை கூடவரும் என்று விடையைச் சொல்லி முடிக்கிறார். கண்ணதாசனோ ‘யாரோ’ என்று கேள்வியாக விட்டுவிடுகிறார். சித்தர் பாடலின் எலும்பை எடுத்து மெட்டுக்குள் வைக்கும்போது அவர் செய்த மாற்றம் அது ஒன்றே. அந்த ஒரு சொல்லைப் பற்றி மட்டும் அன்று முக்கால் மணி நேரம் பேசினோம். மற்றப் பாடங்கள் ஓடவில்லை.

இன்னொரு பாட்டில் நேர்ந்தது மகிழ்ச்சியானது. ‘பலே பாண்டியா’ (1962) படத்தில் வரிக்கு வரி காய்களின் பெயர் வரும் பாட்டு தாளில் வெறும் காய்கறிப் பட்டியலாகவே இருந்தது. குழுவில் எண்பதைத் தாண்டிய ஓர் ஆயா, துணி ஆலையில் முப்பது ஆண்டு வேலை செய்தவர், தமிழில் பேசவே கூச்சப்படுபவர், பாட்டைக் கேட்டதும் சிரித்து, “இது மார்க்கெட்டுப் பாட்டுல்ல?” என்று கேட்டு, அவரை, கொத்தவரை, கோவை, சுரை என்று விரல்விட்டு எண்ணத் தொடங்கினார். அடுப்படித் தமிழ் அவரிடம் சிதையாமல் இருந்தது. முதலடியில் வரும் ‘அத்திக்காய்’ என்பதைப் பிரித்தால் ‘அந்தத் திக்காய்’ என்றாகும், ‘காய்’ என்பது நிலவைப் பார்த்துச் சொல்லும் ஏவல், அந்தப் பக்கம் போய்க் காய், இந்தப் பக்கம் காயாதே என்று ஒரு பெண் நிலவிடம் சொல்கிறாள் என்று நான் விளக்கினேன். சிறிது நேரம் பேசாமல் இருந்தவர், மேகசின் பாரக்ஸில் இருந்த நாளில் தம் தாய் “நிலா காயுது, வெளியே வந்து உக்காரு” என்று கூப்பிடுவார் என்றார். டர்பன் மாநகராட்சியின் தமிழ்த் தொழிலாளர்கள் பெருவாரியாக வாழ்ந்த அந்தக் குடியிருப்பு அறுபதுகளில் இடிக்கப்பட்டு, மக்கள் சாட்ஸ்வொர்த்துக்கு மாற்றப்பட்டார்கள். நிலவு ‘காயும்’ என்ற வழக்கு அறுபது ஆண்டுக்குப் பின் அன்றுதான் அவர் வாயில் திரும்ப வந்திருக்க வேண்டும்.

எடுத்த முடிவுகள்

பழைய தாள்களை அடியோடு நீக்கிவிட்டு, அச்சில் வந்த பாடல் தொகுப்பையும் ஒலிப்பதிவையும் ஒப்பிட்டு, தமிழ் எழுத்தில் புதிய தாள் தயாரிப்பது என்று ஏப்ரலில் முடிவு செய்தேன். வகுப்பில் எழுத்துப் படித்தவர்களுக்கு அது பயிற்சியாகும், பிழை ஊறிய உரோமன் தாள் கையில் இருக்கும்வரை திருத்தம் நிலைக்காது என்பவை காரணங்கள். இரண்டும் இன்றும் எனக்குச் சரியான காரணங்களாகவே தோன்றுகின்றன. யாரையும் கேட்காமல் முடிவு செய்தது மட்டுமே பிழை.

வாழ்க்கையில் எதைச் சொல்வது, எதை விடுவது என்பதில் நீண்ட விவாதம் நடந்தது. சிறுகூடல்பட்டியில் 1927இல் முத்தையாவாகப் பிறந்தது, எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது, பத்திரிகை வேலை, ‘கன்னியின் காதலி’ (1949) மூலம் திரைக்கு வந்தது, 1981 அக்டோபர் 17 அன்று சிகாகோவில் இறந்தது ஆகியவற்றில் தகராறு இல்லை. மதுவும், சொந்தப்படம் எடுத்துப் பட்ட கடனும், திராவிட இயக்கத்தில் நாத்திகராக இருந்து பின்னர் ‘அர்த்தமுள்ள இந்துமதம்’ எழுதிய திருப்பமுமே சிக்கலாயின. கோயில் கூடத்தில் பின்னதை மட்டும் சொன்னால் போதும் என்று நிர்வாகத்தில் மூத்தவர் ஒருவர் கருதினார். கண்ணதாசனே தம் தன்வரலாறான ‘வனவாசத்தில்’ தம் வழுக்கல்களை மறைக்காமல் எழுதியிருக்கும்போது நாம் மறைப்பது அவருக்கு மரியாதை ஆகாது என்று நான் சொன்னேன். கடைசியில், ஒவ்வொன்றையும் ஒரு வாக்கியத்தில் சொல்லி, அதன்பின் அதற்குரிய பாட்டைப் பாடுவது என்று ஒத்துக்கொண்டோம். விளக்கம் ஆங்கிலத்தில், ஒரு பாட்டுக்கு இரண்டு நிமிடத்துக்கு மேல் போகாமல் இருக்க வேண்டும் என்பதும் அப்போது முடிவானதே.

மனத்தாங்கல்

குழுவின் முதன்மைப் பாடகர் எழுபத்தெட்டு வயதுப் பெரியவர். இளமையில் கலியாண ஆர்க்கெஸ்ட்ராவில் பாடியவர், இழவு வீடுகளுக்கு அழைக்காமலே போய்ப் பாடுபவர். மின்வெட்டு அட்டவணை பார்த்து ஞாயிறு காலைக்கு மாற்றியிருந்த ஒத்திகையில், மே மாத நடுவில், புதிய தமிழ்த் தாள்களை எல்லோருக்கும் கொடுத்தேன். இரண்டாம் சரணத்தில் அவர் இரண்டு அடிகளை மாற்றிப் பாடியபோது, பக்கத்தில் நின்ற பதினாறு வயதுப் பெண் தாளில் விரல் வைத்து, “தாத்தா, இங்கே பாருங்க, இதுலே சரியாப் போட்டிருக்கு” என்றாள். அவள் குரலில் மரியாதைக் குறைவு ஏதும் இல்லை. அவர் தாளைச் சற்று நேரம் பார்த்தார். கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டு வந்துவிட்டதாகச் சொல்லி, தாளை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். கண்ணாடி அந்தப் பையிலேயே இருந்தது. நான் அதைப் பார்த்தேன், ஆனால் அப்போது அதன் பொருள் எனக்கு எட்டவில்லை.

அடுத்த இரண்டு ஞாயிறும் அவர் வரவில்லை. உடல்நலம் சரியில்லை என்று முதலில் கேள்விப்பட்டோம். பின்னர் அவர் மகள் தொலைபேசியில் உண்மையைச் சொன்னார்: அப்பாவுக்குத் தமிழ் எழுத்து படிக்க வராது, அதை யாரிடமும் சொன்னதில்லை.

நானும் குழுவில் மூத்த அண்ணன் ஒருவரும் அவர் வீட்டுக்குப் போனோம். தாளைப் பற்றி நாங்கள் பேச்செடுக்குமுன் அவரே, “எழுத்தெல்லாம் மறந்துபோச்சு தம்பி. தமிழ்ப் பள்ளிக்கூடம் ரெண்டு வருசம்தான் போனேன், அப்புறம் பேப்பர் விக்கப் போயிட்டேன். ரெக்கார்டு வச்சு வச்சுக் கேட்டுத்தான் எல்லாம் படிச்சேன்” என்றார். நான் மன்னிப்புக் கேட்டேன். பேச்சினூடே அவரைப் பாடச் சொன்னேன். ‘வீடு’ வீடாகவே இருந்தது. ‘காடு’ காடாகவே இருந்தது. குறில் நெடில் ஒன்றிலும் பிசகில்லை. நான்கு இடங்களில் மட்டும் அடிகள் இடம் மாறியிருந்தன. ஆக, தாளைப் பார்த்துப் பாடியவர்களிடம் இருந்த பிழைகள் காதால் கற்ற இவரிடம் இல்லை. நோட்டுப் புத்தகத்தின் பிழைகளுக்குப் பழைய பாடகர்களின் உச்சரிப்பே காரணம் என்று நான் எண்ணியிருந்தது தவறு. எழுதியவரின் கையும் எழுத்து முறையுமே காரணம்.

திருத்திய ஏற்பாடு

நிகழ்ச்சியைத் தள்ளிப்போடலாமா என்று யோசித்தோம். ஆடியில் அம்மன் கஞ்சி பூசைக்கும், அடுத்துப் புரட்டாசிச் சனிக்கிழமைகளுக்கும் கூடம் வேண்டியிருந்ததால் தள்ளினால் நவம்பர் ஆகிவிடும் நிலை. ஆகவே நாளை மாற்றாமல் பாடல்களை ஏழாகக் குறைத்தோம். ஒத்திகையில் முதலில் பெரியவர் ஓர் அடி பாட, மற்றவர்கள் தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டுத் திரும்பப் பாடுவார்கள். மூன்றாவது முறைக்குப் பிறகே தாளைத் திருப்பலாம். தாளில் தமிழ் எழுத்துக்குக் கீழே, நெடிலுக்கு உயிரெழுத்தை இரட்டித்த உரோமன் வரியும் சேர்க்கப்பட்டது. அடி மாறிய நான்கு இடங்களை நான் தனியே அவர் வீட்டுத் திண்ணையில் அமர்ந்து பேசிக்கொண்டே சரிசெய்தேன். ஓர் இடத்தில், தாம் பாடும் வரிசையே பொருளுக்கு நன்றாக இருக்கிறது என்று சொல்லி மாற்ற மறுத்துவிட்டார். அவர் சொன்னது உண்மையும்கூட.

விளக்கத்தில் ஒரு பகுதியைச் சேர்த்ததும் அப்போதுதான். திரைப்பாட்டு பெரும்பாலும் மெட்டுக்கே எழுதப்பட்டது. இசையமைப்பாளர் எம்.எஸ். விஸ்வநாதன் ஆர்மோனியத்தில் தத்தகாரம் (சொல்லில்லாத மெட்டு) கொடுக்க, கண்ணதாசன் வாயால் அடிகளைச் சொல்லிக்கொண்டே போவார். காகிதத்தில் எழுதுவது உதவியாளரின் வேலை. பிற்காலத்தில் தாமே புகழ்பெற்ற பஞ்சு அருணாசலம் அவரிடம் அப்படி எழுதியவர். தாளில் இருக்கும் பாட்டு முதலில் வாயிலும் காதிலும் இருந்தது என்பதைப் பெரியவர் இருக்கும் மேடையில் சொல்ல வேண்டும் என்று தோன்றியது. அவருக்காகச் சொல்கிறோம் என்று வெளிப்படையாகச் சொல்லவில்லை.

நிகழ்ச்சியும் அதன் பின்னும்

ஜூன் 24 மாலை கூடம் நிறைந்தது. ஒலிபெருக்கி இருமுறை தகராறு செய்தது. விளக்கங்கள் இரண்டு நிமிட வரம்பை மீறின, பெரும்பாலும் என்னால். கடனைப் பற்றிய வாக்கியம் வந்தபோது முன்வரிசையில் சிலர் தலையசைத்துச் சிரித்தார்கள். முகம் சுளித்தவர்களை நான் காணவில்லை. இழவுப் பாட்டாகவே அறிந்திருந்த பாட்டின் ஒவ்வொரு சொல்லுக்கும் பொருள் சொன்ன பிறகு பெரியவர் அதைப் பாடியபோது, கூடத்தில் பலர் தாங்களாகவே சேர்ந்து பாடினார்கள். ‘விடு’ என்ற உச்சரிப்பு பின்வரிசையிலிருந்து அப்போதும் கேட்டது. பல ஆண்டுப் பழக்கம் ஒரு மாலையில் போகாது.

அதற்குப் பின்னான மாதங்களில், பாட்டின் பொருள் கேட்டு வகுப்புக்குப் புதிதாக வந்தவர்களில் நால்வர் நிலைத்தனர். தாளில் விரல் வைத்த அந்தப் பெண் பெரியவரின் வீட்டுக்கே சென்று கைப்பேசியில் அவர் பாடல்களைப் பதிவு செய்யத் தொடங்கினாள். அவர் பாடுவதைக் கேட்டுத் தமிழில் எழுதுவது அவளுக்கு வீட்டுப்பாடமாகவும் ஆயிற்று. எழுத்து கற்றுக்கொள்கிறீர்களா என்று நான் ஒருமுறை அவரைக் கேட்டேன். இனி வேண்டாம் என்றார். வற்புறுத்தவில்லை.

மாற்றிச் செய்ய வேண்டியவை

தாளைத் தயாரிக்கும் முன்பே, ஒவ்வொருவருக்கும் எந்த எழுத்து படிக்க வரும் என்பதை எல்லோர் முன்னிலையிலும் கேளாமல், தனித்தனியே, வேறு பேச்சோடு பேச்சாக அறிந்திருக்க வேண்டும். மூத்த பாடகர்களிடம் முதலில் பாடக் கேட்டு, அதை அச்சுப் பாடத்தோடு ஒப்பிட்ட பிறகே திருத்தம் எது, மாறுபாடு எது என்று முடிவு செய்திருக்க வேண்டும். ஒத்திகையில் யார் யாரைத் திருத்தலாம் என்பதையும் முன்பே பேசியிருந்தால், ஒரு சிறுமியின் நல்லெண்ணம் பெரியவர் ஒருவரை இரண்டு வாரம் வீட்டில் உட்கார வைத்திருக்காது. பாடலாசிரியரின் பெயரைத் தாளின் தலைப்பிலேயே, படத்தின் பெயருக்கும் நடிகரின் பெயருக்கும் மேலே இடுவதை இப்போது வழக்கமாக்கியிருக்கிறோம். இதை முதலிலேயே செய்திருந்தால் 12 பாடல்களில் மூன்று தவறியிருக்காது.

அடுத்த மாலைக்குப் பட்டுக்கோட்டையாரை எடுத்துக்கொண்டிருக்கிறோம். இருபத்தொன்பது வயதில் மறைந்தவர் என்பதால் வாழ்க்கைப் பகுதி சுருக்கமாகவே இருக்கும். பாடல்களுக்குக் குறைவில்லை. முதல் பட்டியலிலிருந்து நாங்கள் நீக்கிய அந்தத் தம்பிப் பாட்டோடு தொடங்க வேண்டும் என்பது பெரியவரின் விருப்பம். முதல் மூன்று வாரம் யார் கையிலும் தாள் இருக்கக் கூடாது என்றும் சொல்லியிருக்கிறார். ஒப்புக்கொண்டிருக்கிறோம்.